கடைசி ஓவருக்குத் தனிக் கணக்கு வேண்டும்

நாவலூரில் காலி மனைகளாக எஞ்சியிருக்கும் இடங்களில் ஞாயிறு காலைகளில் இளைஞர்கள் டென்னிஸ் பந்தில் கிரிக்கெட் ஆடுவதைப் பார்க்கிறேன். கடைசி ஓவரை யார் வீசுவது என்பதில் எந்த அணிக்கும் குழப்பம் இருப்பதில்லை. அதற்கென ஒருவர் இருக்கிறார். ஆனால், ஆட்டம் முடிந்து ஸ்கோர் நோட்டைப் புரட்டினால், அவர் பெயருக்கு நேரே கொடுத்த ரன்களும் எடுத்த விக்கெட்டுகளும் மட்டுமே இருக்கும். அவர் காத்துத் தந்த வெற்றி எந்தக் கட்டத்திலும் பதிவாவதில்லை.

இந்தக் குறை காலி மனையோடு நிற்பதில்லை. 2021 மார்ச் 28, புனே. இங்கிலாந்துக்கு எதிரான ஒருநாள் தொடரின் இறுதி ஆட்டம். கடைசி ஓவரில் இங்கிலாந்துக்குத் தேவை 14 ரன். சதத்தை நெருங்கிக்கொண்டிருந்த சாம் கரன் களத்தில் நிற்க, பந்து சேலம் மாவட்டம் சின்னப்பம்பட்டியின் த.நடராஜனிடம் தரப்பட்டது. அவர் கொடுத்தது 6 ரன். இந்தியா 7 ரன்னில் வென்று தொடரையும் கைப்பற்றியது. ஆட்ட நாயகன் விருது 95 ரன்னுடன் ஆட்டமிழக்காமல் நின்ற கரனுக்குச் சென்றது. நடராஜனின் கணக்கில் எழுதப்பட்டதோ 10 ஓவர், 73 ரன், 1 விக்கெட். இந்த எண்களை மட்டும் படிப்பவர் அவரை ஏராளமாக ரன் கொடுத்தவர் என்றே முடிவு செய்வார். இதுவரை இந்தியாவுக்காக அவர் ஆடிய கடைசி ஆட்டமும் அதுதான்.

இத்தகைய உழைப்புக்குத் தனிக் கணக்கு வைத்திருக்கும் விளையாட்டு ஒன்று உண்டு. ஒன்பது இன்னிங்ஸ் கொண்ட பேஸ்பாலில், தொடக்க வீச்சாளர் களைத்ததும் மாற்று வீச்சாளர்கள் வருவார்கள். சிறிய முன்னிலையைக் காத்து ஆட்டத்தை முடித்துத் தருபவருக்கு ‘சேவ்’ என்ற புள்ளி சேரும். சிகாகோ பத்திரிகையாளர் ஜெரோம் ஹோல்ட்ஸ்மன் வகுத்த இந்த அளவை, அமெரிக்காவின் மேஜர் லீக் 1969இல் அதிகாரபூர்வமாக ஏற்றது. பனாமாவின் மீனவக் கிராமத்தில் வளர்ந்த மரியானோ ரிவேரா, நியூயார்க் யாங்கீஸ் அணிக்காக 652 ‘சேவ்’ பெற்று 2013இல் ஓய்வுபெற்றார். 2019இல் வாக்களித்த அனைவரின் ஆதரவோடும் புகழ் மண்டபத்துக்குத் தேர்வான முதல் வீரரும் அவரே. அந்த ஓர் எண் இல்லாதிருந்தால், ஓர் இன்னிங்ஸ் மட்டும் வீசுபவரின் பெருமையை எதைக் கொண்டு நிறுவியிருப்பார்கள்?

பொருளியலில் இதை விளிம்பு மதிப்பு என்போம். ஏரி நிறைந்திருக்கும்போது பாயும் ஒரு மடைத் தண்ணீரும், கதிர் பிடிக்கும் நேரத்தில் காய்ந்த வயலுக்கு வரும் ஒரு மடைத் தண்ணீரும் அளவில் ஒன்று, மதிப்பில் ஒன்றல்ல. நான்காவது ஓவரில் தடுத்த ரன்னும் இருபதாவது ஓவரில் தடுத்த ரன்னும் அப்படித்தான். நம் கணக்கு இரண்டையும் ஒரே தராசில் நிறுக்கிறது.

அளவுகோல் சரியில்லாத சந்தையில் விலை தள்ளாடும். 2016 டிஎன்பிஎல் தொடரில் வீசிய யார்க்கர்களால் கவனம் பெற்ற நடராஜனை, 2017 ஐபிஎல் ஏலத்தில் பஞ்சாப் அணி 3 கோடி ரூபாய்க்கு எடுத்தது. அடுத்த ஆண்டு ஹைதராபாத் தந்தது 40 லட்சம். 2018, 2019 இரு பருவங்களிலும் ஓர் ஆட்டத்தில்கூட அவர் களமிறக்கப்படவில்லை. 2020இல் 16 விக்கெட். வலைப்பயிற்சி வீச்சாளராக ஆஸ்திரேலியா சென்று, ஒரே பயணத்தில் மூன்று வகை ஆட்டங்களிலும் இந்தியாவுக்காக அறிமுகமானார். 2021 ஏப்ரலில் முழங்கால் அறுவைச் சிகிச்சை. 2022இல் விலை 4 கோடி; 2025 பருவத்துக்கு டெல்லி கொடுத்தது 10.75 கோடி. அந்தப் பருவத்தில் அவர் ஆடியது இரண்டே ஆட்டங்கள்.

காயம் இதற்கு ஒரு காரணம், அதை மறுப்பதற்கில்லை. ‘சேவ்’ அளவும் குறையற்றதன்று. அந்தப் புள்ளிக்காகவே சிறந்த வீச்சாளரை ஒன்பதாம் இன்னிங்ஸ்வரை காக்கவைத்து, ஏழாம் இன்னிங்ஸ் நெருக்கடியில் ஆட்டத்தை இழக்கும் வழக்கம் அங்கே கண்டிக்கப்படுகிறது. எதை அளக்கிறோமோ, அதை நோக்கியே மனிதர்கள் நடப்பார்கள்.

எனவே, இரவல் அளவு நமக்கு வேண்டாம். எத்தனை ரன் தேவை, எத்தனை பந்து மீதம், எதிரே நிற்பவர் யார் என்ற சூழலோடு சேர்த்து ஒவ்வொரு ஓவரையும் மதிப்பிடும் கணக்கு போதும். பெரிய தொடர்களில் ஆய்வாளர்கள் இதைச் செய்யத் தொடங்கிவிட்டார்கள். மாவட்ட லீக் ஆட்டங்களுக்குத்தான் அது உடனடியாகத் தேவை. ஐபிஎல் வீரரின் கடைசி ஓவரைக் கோடிப் பேர் பார்க்கிறார்கள், நினைவாவது எஞ்சும். மாவட்ட ஆட்டத்தில் வீசும் தறித் தொழிலாளியின் மகனுக்குத் தேர்வாளர் முன் சாட்சி சொல்ல அந்த நோட்டைத் தவிர வேறெதுவும் இல்லை. நடராஜனும் அப்படியொரு வீட்டிலிருந்து வந்தவர்தான். அந்த நோட்டில் இன்னும் ஒரு கட்டம் கூடுதலாக வரைவதற்குப் பெரிய செலவு ஏதுமில்லை.