கடல் கொண்ட நிலமும் சிப்காட் கொண்ட நிலமும்

குமரிக்கண்டம் இருந்ததா இல்லையா என்ற சண்டை நமக்குள்ளே நூறு வருஷத்துக்கு மேலாக நடக்கிறது. இருந்தது என்பவன் மூடன், இல்லை என்பவன் துரோகி. இரண்டு கட்சியும் கேட்காத கேள்வி ஒன்று உண்டு: அந்தக் கதையாடலில் நிலத்தை இழப்பது யார்? அதற்குப் போகுமுன் கதை கட்டப்பட்ட விதத்தைப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

1

முதலில் காலம். முச்சங்கக் கதையை விரிவாகச் சொல்வது இறையனார் களவியல் உரை. தலைச்சங்கம் 4440 ஆண்டு, இடைச்சங்கம் 3700, கடைச்சங்கம் 1850. மூன்றுமே 37ஆல் மீதியின்றி வகுபடுகிற எண்கள். இது ஆண்டுக்கணக்கு என்பதைவிட எண்ணை வைத்துக் கட்டிய ஒழுங்கு என்றுதான் படுகிறது.

அடுத்தது இடம். களவியல் உரையில் பழைய மதுரையைக் கடல் கொண்டது என்பதோடு சரி, அளவு கிடையாது. பின்னால் வந்த அடியார்க்குநல்லார் சிலப்பதிகார உரையில்தான் பஃறுளிக்கும் குமரிக்கும் இடையே 700 காவதம், 49 நாடுகள் என்று நிலம் விரிகிறது. காவதத்தைப் பத்து மைலாகக் கொள்வோர் கணக்குப்படி அது 7000 மைல். குமரிமுனையிலிருந்து நேர் தெற்கே அத்தனை மைல் போனால் தென்துருவத்தையே தாண்டிவிடுவோம்! ‘குமரிகண்டம்’ என்ற பெயரோ கந்தபுராணத்தில் வேறு பொருளில் வருகிறது. அங்கே அது பாரதத்தின் ஒன்பது கண்டங்களில் ஒன்று.

1864இல் ஸ்கிலேட்டர் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் மடகாஸ்கரின் லெமூர் விலங்குகளை விளக்க ஒரு மூழ்கிய கண்டத்தை ஊகித்து லெமூரியா என்று பெயரிட்டார். ஹெக்கேல் அதை மனிதகுலத்தின் தொட்டில் ஆக்கினார். காலனியம் தந்த இந்த ஊகமும் நம் உரையாசிரியர்களின் கடல்கோளும் ஒன்றாக ஒட்டப்பட்டன. பாவாணரில் அது மாந்தன் பிறந்தகம். 1981இல் மதுரை உலகத் தமிழ் மாநாட்டுக்கு அரசே படம் எடுத்தது. வடமொழி மேலாண்மைக்கு எதிராக ஒரு தொன்மை தேவைப்பட்ட காலம் அது. அந்தத் தேவையைக் கேலி செய்வதற்கில்லை.

2

இதில் வேடிக்கை என்னன்னா, லெமூரியாவுக்குச் சாட்சியாகக் காட்டப்பட்ட சங்கதிகளின் தம்பி ஒன்று ஸ்ரீபெரும்புதூர் மண்ணுக்குள்ளேயே கிடக்கிறது. அங்கே உள்ள களிப்பாறை அடுக்குகளைப் புவியியலார் ஊர்ப்பெயராலேயே அழைக்கிறார்கள். அவற்றில் பத்துக் கோடி ஆண்டுகளுக்கு முற்பட்ட இலைப் படிவங்கள் கிடைக்கின்றன. கூடவே கடல் உயிரிகளின் படிவங்களும். ஓரகடம் ஒரு காலத்தில் கடலோரம் என்றாலும் தப்பில்லை. இந்தியாவின் தாவரப் படிவங்களைத் தென்னாப்பிரிக்காவினதோடு ஒப்பிட்டுத்தான் 1875இல் பிளான்ஃபோர்டு, இந்துமாக்கடலில் ஒரு கண்டம் இருந்திருக்க வேண்டும் என்று எழுதினார்.

கண்டங்களே நகர்கின்றன என்று 1912இல் வேகனர் சொன்னார். 1960களில் அது நிலைபெற்றதும் மூழ்கிய கண்டத்துக்கு வேலையில்லாமல் போச்சு. நிலம் மூழ்கவில்லை, பிரிந்து நகர்ந்தது. நகர்ந்தபோது மனிதன் கிடையாது. அப்படியானால் கடல்கோள் முழுப் பொய்யா? அதுவும் இல்லை. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன் கடல்மட்டம் இன்றையதைவிட 120 மீட்டர் அளவுக்குத் தாழ்ந்திருந்தது. குமரிக்குத் தெற்கே கொஞ்சம் நிலமும் இலங்கைக்கு நடந்துபோகும் வழியும் இருந்தன. புவியியலாளர் சு.கி. ஜெயகரன் ‘குமரி நில நீட்சி’ நூலில் சொல்வது இந்தச் சிறிய நிலத்தைத்தான்.

3

இப்போது கேள்விக்கு வருவோம். பழம்பிரதிகளில் நிலத்தை இழப்பவன் பாண்டியன். இழந்ததற்கு ஈடும் உடனே தேடிக்கொள்கிறான்: கலித்தொகையில் பகையரசர் நாட்டைப் பிடிக்கிறான், சிலப்பதிகாரத்தில் கங்கையும் இமயமும் கொள்கிறான். அரசன் இழப்பு அடுத்தவன் நிலத்தில் ஈடாகிறது. அந்த 49 நாட்டில் உழுதவன், மீன் பிடித்தவன், பனை ஏறியவன் என்ன ஆனான்? உரையாசிரியர்களுக்கு அந்தக் கேள்வி எழவில்லை. நமக்கும் எழவில்லை.

ஸ்ரீபெரும்புதூர்–ஓரகடம் பகுதியில் அது கேட்டாக வேண்டிய கேள்வி. இருங்காட்டுக்கோட்டை, வல்லம், வடகால் என்ற பெயர்கள் இன்று ஊரைவிடச் சிப்காட்டைத்தான் முதலில் குறிக்கின்றன. தொழிலுக்கு நிலமெடுக்க 1997இல் தனிச் சட்டமே வந்தது. பட்டாவில் பேர் இருப்பவனுக்கு இழப்பீடு. வாய்மொழிக் குத்தகைக்காரனுக்கு? களை பறித்தவளுக்கு? புறம்போக்கில் ஆடு மேய்த்தவனுக்கு? காலமும் இங்கே நிலையாக இல்லை. ஏ ஷிஃப்ட், பி ஷிஃப்ட், சி ஷிஃப்ட் என்று ராத்திரி பகலாகிறது. 2006இல் உற்பத்தி தொடங்கிய நோக்கியா ஆலை 2014இல் மூடப்பட்டது. எட்டே வருஷம், தலைச்சங்கத்துக்காவது 4440 கொடுத்தார்கள்!

கடல் கொண்டதற்கு நம்மிடம் உரை இருக்கிறது, வரைபடம் இருக்கிறது, அரசுப் படம் இருக்கிறது. நம் கண்ணெதிரே போன நிலத்துக்கு என்ன இருக்கிறது? வாய்க்காலுக்கும் களத்துமேட்டுக்கும் அந்த ஊர்க்காரர் வைத்திருந்த பெயர்களை யாராவது எழுதி வைத்தோமா? பெயர் சொல்லக்கூடியவர்கள் இன்னும் அங்கே இருக்கிறார்கள், சிலர் அந்த ஆலைகளின் வாசலிலேயே காவலாளியாக.