ஓ.சி. இல்லாத வீட்டுக்கு மின்சாரம் கிடைக்குமா? பெங்களூரு கட்டடச் சிக்கலும் சட்டத்தின் நிலைப்பாடும்

பெங்களூரு: வீட்டின் சாவி கைக்கு வந்துவிட்டது. பத்திரப்பதிவும் முடிந்துவிட்டது. ஆனால், நிரந்தர மின் இணைப்புக்கு விண்ணப்பித்தால் 'ஓ.சி. எங்கே?' என்ற கேள்வி எழுகிறது. பெங்களூருவில் புதிய கட்டடங்களின் உரிமையாளர்கள் பலர் 2025ஆம் ஆண்டில் எதிர்கொண்ட நிலை இது.

இதன் வேர் உத்தரப் பிரதேச மாநிலம் மீரட்டில் உள்ளது. அங்கு குடியிருப்பு மனையில் விதிகளை மீறி எழுப்பப்பட்ட வணிகக் கட்டடம் தொடர்பான வழக்கில், நீதிபதிகள் ஜே.பி.பர்திவாலா, ஆர்.மகாதேவன் அமர்வு 2024 டிசம்பர் 17 அன்று தீர்ப்பளித்தது. கட்டட நிறைவுச் சான்றிதழ் அல்லது குடியேற்ற அனுமதிச் சான்றிதழைப் பார்த்த பிறகே மின்சாரம், குடிநீர், கழிவுநீர் இணைப்புகளை வழங்க வேண்டும் என்றும், கட்டடத்தை ஈடாகக் கொண்டு கடன் வழங்கும் வங்கிகளும் அதைச் சரிபார்க்க வேண்டும் என்றும் உச்ச நீதிமன்றம் நாடு முழுமைக்கும் உத்தரவிட்டது. அதைப் பின்பற்றி பெஸ்காம் உள்ளிட்ட கர்நாடக மின் வழங்கல் நிறுவனங்கள் சான்றிதழ் கேட்கத் தொடங்கின.

ஓ.சி. என்பது என்ன?

அனுமதிக்கப்பட்ட வரைபடத்தின்படியே கட்டடம் கட்டப்பட்டுள்ளது, மக்கள் குடியேறத் தகுதியானது என உள்ளாட்சி அமைப்பு அளிக்கும் ஒப்புதலே ஓ.சி. சில மொழிபெயர்ப்புகளில் இது 'ஆக்கிரமிப்புச் சான்றிதழ்' என்று காணப்படுகிறது, பொருளே தலைகீழாகிவிடுகிறது. உயரமான கட்டடங்களுக்குத் தீயணைப்புத் துறையின் தடையின்மைச் சான்றும் இதற்கு முன் தேவை.

கூடுதல் தளம் எழுப்புவது, நான்கு புறமும் விட வேண்டிய காலியிடத்தைக் குறைப்பது போன்ற விதிமீறல்களே பெங்களூருவில் ஓ.சி. கிடைக்காமல் போவதற்கு முக்கியக் காரணங்கள். 2003ஆம் ஆண்டின் மாநகராட்சிக் கட்டட துணைவிதிகள் 5 விழுக்காடு வரையிலான விலகலை மட்டுமே ஏற்க இடமளித்தன.

விதியை மீறுபவர் ஒருவர், இருளில் அமர்பவர் வேறொருவர் என்பதுதான் இதில் உள்ள நெருடல். தீர்ப்பு குறிவைத்தது கட்டுநரை. ஆனால், அவர் விற்றுவிட்டு விலகிய பிறகு மின் இணைப்புக்காக அலைவது வீட்டை வாங்கியவரே.

கட்டுநரின் பொறுப்பு முடிவதில்லை

ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டம் (ரெரா) பிரிவு 11, ஓ.சி. பெறும் பொறுப்பைக் கட்டுநர் மீதே சுமத்துகிறது. ஓ.சி. வழங்கப்பட்ட 2 மாதங்களுக்குள் வீட்டைப் பெற்றுக்கொள்வதே வாங்குபவரின் கடமை. அதற்கு முன் 'சுவாதீனம் எடுத்துக்கொள்ளுங்கள்' என்று கடிதம் வந்தால் ஏற்க வேண்டிய கட்டாயம் இல்லை. தாமதத்துக்கு, பாரத ஸ்டேட் வங்கியின் எம்.சி.எல்.ஆர். விகிதத்துடன் 2 விழுக்காடு சேர்த்து வட்டி கோரலாம் என்கின்றன கர்நாடக ரெரா விதிகள்.

ஏற்கெனவே குடியேறியவர்களின் நிலை? மும்பையில் 1997இல் ஓ.சி. இல்லாமலே குடியேறிய சம்ருத்தி கூட்டுறவு வீட்டுவசதிச் சங்கத்தினர், சொத்து வரியில் 25 விழுக்காடும் குடிநீர்க் கட்டணத்தில் 50 விழுக்காடும் கூடுதலாகச் செலுத்தி வந்தனர். காலம் கடந்துவிட்டது என்று தேசிய நுகர்வோர் ஆணையம் அவர்களது புகாரைத் தள்ளுபடி செய்தது. 2022 ஜனவரி 11 அன்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. ஓ.சி. பெற்றுத் தராதது சேவைக் குறைபாடு. பெற்றுத் தரும் வரை அது தொடரும் தவறு என்பதால் காலவரம்பு தடையாகாது என்றது. பழைய அடுக்குமாடிகளில் வசிப்போருக்கு இதைவிடப் பயனுள்ள தீர்ப்பு வேறில்லை எனலாம்.

பெங்களூரு பேகூரில் அமைந்த டி.எல்.எஃப். சதர்ன் ஹோம்ஸ் குடியிருப்பு வழக்கிலும், வீட்டைப் பெற்றுக்கொண்டதாலேயே தாமத இழப்பீடு கோரும் உரிமை போய்விடாது என்று 2020 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

யாருக்கு விலக்கு?

கிரேட்டர் பெங்களூரு ஆணையப் பகுதியில் 1,200 சதுர அடி வரையிலான மனைகளில் கட்டப்பட்ட சிறு வீடுகளுக்கு ஓ.சி.யிலிருந்து விலக்களிக்க கர்நாடக அரசு 2025இல் முடிவு செய்தது. தரைத்தளத்துடன் 2 மாடிகள், அல்லது வாகன நிறுத்தத் தளத்துடன் 3 மாடிகள் என்பது வரம்பு. தனி வீட்டுக்காரர்களுக்கு இது நிம்மதி. பெரிய அடுக்குமாடிகளில் வீடு வாங்கியோருக்கு இதில் எதுவும் இல்லை.

கட்டம் கட்டமாக எழும் வளாகங்களில் சில கோபுரங்களுக்கு மட்டும் பகுதி ஓ.சி. வழங்கப்படுவதும் உண்டு. எனவே, பத்திரம் பதியும் முன் சான்றிதழில் தங்கள் கோபுரமும் தளமும் குறிப்பிடப்பட்டுள்ளனவா என்று பார்ப்பது அவசியம். விதிமீறல்களை அபராதத்துடன் முறைப்படுத்த கர்நாடக அரசு கொண்டுவந்த 'அக்ரம-சக்ரம' திட்டத்துக்கு 2017 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. ஆகவே, 'பிறகு அபராதம் கட்டிச் சரிசெய்துகொள்ளலாம்' என்று விற்பனையாளர் சொல்வதை நம்பி முன்பணம் செலுத்துவது ஆபத்தானது.