காலம் நின்றுபோன கடல் தீவு: உங்கள் கம்ப்யூட்டரிலும் இருக்கலாம்!

கன்னியாகுமரியில் குடும்பத்தோடு எடுத்த ஒரு போட்டோ. பின்னால் விவேகானந்தர் நினைவு மண்டபமும் 133 அடி திருவள்ளுவர் சிலையும் தெளிவாகத் தெரிகின்றன. ஆனால், அந்த பைலின் விவரங்களைப் பாருங்கள். தேதி: 1970 ஜனவரி 1, காலை 5.30 மணி. இடம்: ஆப்பிரிக்காவை ஒட்டிய அட்லாண்டிக் கடல்!

மண்டபம் திறக்கப்பட்டதே 1970 செப்டம்பரில்தான். வள்ளுவர் சிலை திறக்கப்பட்டது 2000 ஜனவரி 1 அன்று. பிறகு எப்படி இந்தத் தேதி? நாகர்கோவிலில் உறவினர் வீட்டுக் கம்ப்யூட்டர்களைப் பார்க்கும்போது இதே கேள்வியை என்னிடம் பலர் கேட்டிருக்கிறார்கள். பேயும் இல்லை, வைரஸும் இல்லை. காரணம் ஒரே ஒரு எண்தான்: பூஜ்யம்.

பூஜ்யத் தீவு

பூமியில் ஓர் இடத்தைக் குறிக்க அட்சரேகை, தீர்க்கரேகை என இரண்டு எண்கள் வேண்டும். கன்னியாகுமரிக்கு இவை சுமார் 8.08 வடக்கு, 77.55 கிழக்கு. செல்போனில் ஜி.பி.எஸ். சிக்னல் கிடைக்காதபோது சில புரோகிராம்கள் அந்த இடத்தைக் காலியாக விடாமல் 0, 0 என்று எழுதிவிடுகின்றன. நிலநடுக்கோடும் கிரீன்விச் கோடும் சந்திக்கும் அந்தப் புள்ளி, கானா நாட்டுக்குத் தெற்கே சுமார் 600 கிலோமீட்டர் தொலைவில், கினி வளைகுடாவில் இருக்கிறது. அங்கே நிலமே கிடையாது. கடல் ஆய்வுக்கான மிதவை ஒன்றைத்தான் விஞ்ஞானிகள் அங்கே நிறுத்தினார்கள். ஆனாலும் வரைபடக்காரர்கள் வேடிக்கையாக அதற்கு ‘நல் ஐலண்ட்’ என்று பெயர் வைத்துவிட்டார்கள். ‘நேச்சுரல் எர்த்’ என்ற இலவச வரைபடத் தொகுப்பில் ஒரு மீட்டர் நீள அகலத்தில் அதற்கு நிலமும் ஒதுக்கினார்கள்! இடம் தெரியாத தகவல்கள் எல்லாம் கரை ஒதுங்கும் கற்பனைத் தீவு இது.

ஏன் 1970? ஏன் 5.30?

இடத்துக்கு ஒரு பூஜ்யம் இருப்பது போலவே நேரத்துக்கும் ஒன்று உண்டு. யூனிக்ஸ் முறையைப் பின்பற்றும் கருவிகள் 1970 ஜனவரி 1, கிரீன்விச் நள்ளிரவு முதல் எத்தனை விநாடிகள் கடந்தன என்று எண்ணியே தேதியைக் கணக்கிடுகின்றன. ஆண்ட்ராய்டு போனும் இவற்றில் ஒன்று. நேரம் தெரியாமல் பூஜ்யம் பதிவானால், அது அந்த முதல் விநாடியாகிவிடும். நம் நேரம் ஐந்தரை மணி நேரம் முன்னால் இருப்பதால் நமக்குக் காலை 5.30 என்று காட்டுகிறது. டாஸ் காலத்து பைல் முறையின் கணக்கு 1980 ஜனவரி 1-இல் தொடங்குகிறது. அந்தத் தேதியைக் கண்டாலும் இதே சந்தேகம் வர வேண்டும்.

கடிகாரம் நிற்பது எதனால்?

வீட்டு கம்ப்யூட்டரை அணைத்த பிறகும் உள்ளே கடிகாரம் ஓடிக்கொண்டே இருக்கும். அதற்கு மின்சாரம் தருவது மதர்போர்டில் உள்ள நாணயம் போன்ற சிறிய பேட்டரி. பெரும்பாலும் சி.ஆர். 2032 வகை. இது தீர்ந்தால், ஒவ்வொரு முறை ஆன் செய்யும்போதும் பழைய தேதியே வரும். இணையதளங்களைத் திறந்தால் பாதுகாப்பு எச்சரிக்கைகளும் வரலாம். இதற்காகப் புதிய கம்ப்யூட்டர் வாங்க வேண்டியதில்லை. பேட்டரியை மாற்றினால் போதும். பிறகு டாஸ்க் பாரில் உள்ள கடிகாரத்தின் மேல் ரைட் கிளிக் செய்து, தேதி, நேர அமைப்புக்குச் சென்று, நேரம் தானாக அமையும் வசதியை ஆன் செய்யுங்கள்.

பழைய படங்களை என்ன செய்வது?

1. முதலில் போல்டர் முழுவதையும் வேறொரு டிஸ்க்கில் காப்பி எடுத்து வையுங்கள்.

2. படத்தின் மேல் ரைட் கிளிக் செய்து ‘ப்ராப்பர்ட்டீஸ்’, பிறகு ‘டீடெயில்ஸ்’ செல்லுங்கள். ‘டேட் டேக்கன்’ என்பதே படம் எடுத்த நாள். ‘டேட் கிரியேட்டட்’ பெரும்பாலும் நீங்கள் காப்பி செய்த நாளைத்தான் காட்டும். அதை நம்ப வேண்டாம்.

3. வாட்ஸ்அப்பில் சாதாரணமாக அனுப்பிய படத்தில் எடுத்த நாளும் இடமும் நீங்கிவிடும். அவை வேண்டுமென்றால் ‘டாக்குமென்ட்’ ஆக அனுப்பச் சொல்லுங்கள்.

4. தேதியே இல்லையென்றால் படத்தையே கேளுங்கள். பாறையில் வள்ளுவர் இல்லையா? அது 2000-க்கு முந்தையது. மண்டபத்தையும் சிலையையும் இணைக்கும் கண்ணாடிப் பாலம் தெரிகிறதா? 2024 டிசம்பர் 30-க்குப் பிந்தையது. மணக்குடியின் பழைய பாலம் தெரிந்தால், 2004 டிசம்பர் 26 சுனாமிக்கு முந்தையது. அந்தப் பாலத்தை அலை அடித்துச் சென்றுவிட்டது.

5. விடை கிடைத்ததும் ‘டேட் டேக்கன்’ இடத்தில் கிளிக் செய்து சரியான தேதியைக் கொடுத்து ‘ஓகே’ கொடுங்கள். ஆண்டு மட்டும் தெரிந்தால் பைலின் பெயரில் அந்த ஆண்டை எழுதினாலும் போதும்.

இதில் நான்காவது வேலையைத் தள்ளிப்போடாதீர்கள். சுசீந்திரம் தேரோட்டத்தில் எடுத்த படத்தில் பாட்டிக்குப் பக்கத்தில் நிற்பவர் யார், அது எந்த வருஷத்துத் தேர் என்பதைச் சொல்லக்கூடியவர் வீட்டில் இன்று ஒருவராவது இருப்பார். தெரியாத இடத்தில் கம்ப்யூட்டர் பூஜ்யம் போட்டுவிட்டுப் போய்விடும். தெரிந்தவர்களும் போய்விட்டால், அந்தப் பூஜ்யத்தை மாற்ற எந்த சாப்ட்வேராலும் முடியாது. இந்த ஞாயிற்றுக்கிழமை பெரியவர்களைப் பக்கத்தில் உட்காரவைத்து, போட்டோ போல்டரைத் திறந்துவிடுங்கள்!