13,000 ஏக்கரைக் கொடுத்துவிட்ட துரை

தோட்டத்தில் வளர்ந்த நம் பெரியவர்களிடம் 'துரை' என்று சொல்லிப் பாருங்கள். மேட்டில் ஒரு பெரிய பங்களா, கை கட்டி நிற்கும் கிராணி, தூரத்தில் லயம் என்று ஒரு படம் உடனே வந்துவிடும். சார்ல்ஸ் பிலிப்ஸ் டிரவெல்யனை அந்தப் படத்துக்குள் அடைக்க நான் முயன்று பார்த்தேன், முடியவில்லை. அதிலிருந்து முழுவதுமாக வெளியே எடுக்கவும் முடியவில்லை.

குடும்பத்தை முதலில் சொல்லிவிடுகிறேன், அதில் மதராஸும் வருகிறது. இவருடைய தாத்தா சர் சார்ல்ஸ் டிரவெல்யன் 1859இல் மதராஸ் கவர்னராக வந்தவர். சென்னை சென்ட்ரல் பக்கம் இருந்த பீப்பிள்ஸ் பார்க் அவர் போட்ட பூங்காதான். புதிய வருமான வரியை வெளிப்படையாக எதிர்த்து எழுதியதால் அடுத்த ஆண்டே திருப்பி அழைக்கப்பட்டார். அதற்கு முன், அயர்லாந்துப் பஞ்சத்தின்போது லண்டன் கருவூலத்தில் நிவாரணப் பணத்தைக் கையில் வைத்திருந்தவரும் அவரே. அந்தக் கை எவ்வளவு இறுக்கமானது என்பதை ஐரிஷ்காரர்கள் இன்றுவரை மறக்கவில்லை. வட இங்கிலாந்தில், நார்தம்பர்லாந்திலுள்ள வாலிங்டன் மாளிகையும் நிலமும் பின்னாளில் அவருக்கு வந்து சேர்ந்தன.

பேரன் பிறந்தது 1870இல். 1899இல் லிபரல் கட்சி எம்.பி. ஆனார். 1914இல் முதல் உலகப் போர் மூண்டபோது, இந்தப் போர் வேண்டாம் என்று அரசுப் பதவியை உதறினார். 1918 தேர்தலில் தொகுதியும் போயிற்று. பிறகு தொழிற்கட்சிக்கு மாறி, 1922இல் தம் ஊருக்குப் பக்கத்து நகரமான நியூகாசலில் நின்று ஜெயித்தார். 1924இலும் 1929இலும் கல்வி அமைச்சர்.

அவர் பிடிவாதமாகக் கேட்டது ஒன்றுதான். அப்போது பிள்ளைகள் 14 வயதில் பள்ளியை விட்டுவிடலாம். அதை 15 ஆக்க வேண்டும். ஓர் ஆண்டு கூடுதல், அவ்வளவே. ஆனால் சம்பாதிக்கப் போகவேண்டிய பிள்ளை வகுப்பில் உட்கார்ந்தால் அந்த வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே? அதற்காக ஏழைப் பெற்றோருக்கு உதவித்தொகையும் கேட்டார். 1931 பிப்ரவரியில் பிரபுக்கள் சபை மசோதாவைக் கவிழ்த்தது. மறுமாதம் ராஜினாமா செய்தார். அந்த 15 வயது நடைமுறைக்கு வர 1947 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

இதற்கிடையில், 1928இல் தந்தை இறந்து வாலிங்டன் இவர் கைக்கு வந்தது. நிலம் பொதுச் சொத்தாக வேண்டும் என்று மேடையில் பேசுகிறவருக்கு ஏறக்குறைய 13,000 ஏக்கர்! எதிராளிகளுக்கு இதைவிட என்ன வேண்டும்? அவர் முதலில் செய்தது எனக்குப் பிடித்திருக்கிறது: பண்ணையில் வேலை செய்தவர்களின் பிள்ளைகளுக்கென்று தனியாக உதவித்தொகை கொடுக்க ஆரம்பித்தார். குடும்ப உதவித்தொகையை அரசே நாடு முழுவதும் கொடுக்கத் தொடங்கியது 1946இல்தான். அவ்வளவு செய்தும் துரைத்தனம் போய்விடவில்லை. 1930 முதல் 1949 வரை அந்த மாவட்டத்தில் மன்னரின் பிரதிநிதியாக இருந்தவரும் இதே சோஷலிஸ்ட்தான்.

1941இல் மாளிகை, கிராமம், பண்ணைகள் எல்லாவற்றையும் நேஷனல் டிரஸ்டுக்கு எழுதிக் கொடுத்தார். டிரஸ்ட் அதை விற்க முடியாது. மக்களுக்காகக் காத்து வைக்க வேண்டும். ஒரு நிபந்தனை மட்டும் உண்டு. தாம் உயிரோடு இருக்கும்வரை அங்கேயே வாழ்வார். 1958இல் இறக்கும்வரை அப்படியே வாழ்ந்தார்.

கொடுத்ததும் கொடுக்காததுமான இந்த ஏற்பாட்டைக் கேலி செய்தவர்களை நான் குறை சொல்லமாட்டேன். அப்பாவின் கொள்கைக்கு உண்மையில் விலை கொடுத்தவர் மூத்த மகன் ஜார்ஜ். வாலிங்டன் தமக்கு வரும் என்று எண்ணி வளர்ந்தவர் அவர். 'சர்' பட்டம் வந்தது, வீடு வரவில்லை. மரவேலை கற்று நாற்காலி மேசை செய்தார், ஆசிரியராக இருந்தார். 1948இல் ஷ்ரொப்ஷரில் அட்டிங்ஹம் பார்க் என்ற மாளிகையில் தொடங்கிய முதியோர் கல்வி நிலையத்துக்குப் பொறுப்பேற்று, 1971 வரை நடத்தினார். அந்த மாளிகையும் நேஷனல் டிரஸ்டுக்குச் சொந்தமானதுதான்.