தறி வீட்டுத் தரைக்கு வினைலா, லாமினேட்டா?

வீட்டைச் செப்பனிட எண்ணும் அங்கத்தினர் பலர் அண்மைக் காலமாக நம்மிடம் ஒரு கேள்வியை எழுப்பி வருகின்றனர். தேக்குப் பலகை பரப்பியது போலத் தோன்றும் தரைப்பொருள்கள் இரண்டு கடைகளில் கிடைக்கின்றன. ஒன்றின் பெயர் வினைல், மற்றொன்றின் பெயர் லாமினேட். இவற்றுள் எதை வாங்குவது? கண்ணுக்கு இரண்டும் ஒன்றே. வேறுபாடு உள்ளே இருக்கின்றது. அதை அறியாது வாங்கினால், கடன் தவணை தீருமுன் தரை தீர்ந்துவிடும்.

லாமினேட் என்பது மரநாரைப் பிசினுடன் கலந்து, சூட்டில் அழுத்திச் செய்த பலகை. அதன்மேல் மரத்தின் உருவத்தை அச்சிட்ட தாளை ஒட்டி, அத்தாளைக் காக்க மெலமின் என்னும் கடினமான பிசினால் மேற்பூச்சு இடுகின்றனர். 1977இல் சுவீடன் நாட்டில் உருவான பொருள் இது. குளிர் மிகுந்த, தண்ணீர் புழக்கம் குறைந்த வீடுகளுக்காகத் தோன்றியது என்பதை நாம் மறத்தலாகாது. வினைலோ முழுவதும் பிளாஸ்டிக். நம் வீட்டுத் தண்ணீர்க் குழாய்க்கு உரிய பி.வி.சி.யே இதற்கும் மூலப்பொருள். கடினமான அப்பொருளை வளையுமாறு மென்மையாக்கும் வழியை 1926இல் அமெரிக்க இரசாயன அறிஞர் வால்டோ செமன் கண்டறிந்தார்.

ஆகவே, நாம் முதலில் கேட்க வேண்டுவது தண்ணீரைப் பற்றியே. நெசவாளர் வீட்டில் தண்ணீர் படாத இடம் எது? தார் நனைக்கின்றோம்; பாவுக்குக் கஞ்சி போடுகின்றோம்; நூலை அலசிப் பிழிகின்றோம். வெள்ளி, செவ்வாய்களில் வீடு முழுவதும் கழுவிவிடுவதும் நம் வழக்கம். லாமினேட் பலகையின் மேற்பரப்பு தண்ணீரைத் தாங்கும். ஆனால் இரு பலகைகள் சேரும் நாக்கும் காடியும் தாங்கமாட்டா. அவ்விடுக்கு வழியாக இறங்கிய தண்ணீரை உள்ளிருக்கும் மரநார் உறிஞ்சிப் பருத்துவிடும். பருத்த ஓரம் உலர்ந்தபின்பும் பழைய நிலைக்குத் திரும்புவதில்லை. இழைத்துச் சீராக்கலாமே என்றால், மேலே இருப்பது மரமன்று, வெறும் தாள்! கறையானுக்கும் அது மரமே.

பட்டுப்புழு வளர்க்கும் அங்கத்தினர்க்கு இன்னும் தெளிவாகவே கூறிவிடலாம். ஒவ்வொரு வளர்ப்பு முடிந்ததும் பிளீச்சிங் பவுடரும் சுண்ணாம்பும் கலந்த நீரால் மனையை நனைத்துக் கிருமி நீக்க வேண்டியிருப்பதால், லாமினேட் அங்கே அடியோடு ஆகாது. வினைலின் இணைப்புகளுக்குள்ளும் அழுக்குத் தங்கும். புழு மனைக்கு வழவழப்பான சிமெண்ட் தரையே தக்கது.

அவ்வாறாயின் வினைல் எங்கே பொருந்தும்? உலர்ந்த படுக்கையறையிலும், முதியோரும் குழந்தைகளும் புழங்கும் அறையிலும் பொருந்தும். காலுக்குக் குளிர்ச்சி உறைக்காது, ஓசையும் குறைவு, துணியால் துடைத்தால் போதும். எனினும் அதற்கும் குறைகள் உண்டு. சூடான சட்டியை வைத்தால் தழும்பு விழும். அடியில் இரப்பர் பூசிய மிதியடியை நெடுநாள் விரித்து வைத்தால் மஞ்சட்கறை படியும். அது எளிதில் போகாது. தறிக்கால் அழுந்திய இடம் குழியும். ஆகையால் தறி நிற்கும் அறையில் அதனை விரிப்பது வீண் செலவு என்பதே நம் கருத்து. குழித்தறி உள்ளவர்கள் மண்ணின் ஈரத்தால் பாவு அறாது ஓடுவதை அறிவர். அந்த இடத்தைப் பிளாஸ்டிக்கால் மூடுவானேன்?

கற்பொடி கலந்து கெட்டியாகச் செய்த வினைல் பலகைகளும் இப்போது வருகின்றன. அவை தண்ணீரில் பருப்பதில்லை. ஆனால் அடித்தரை மேடுபள்ளமாக இருந்தால் அவற்றின் இணைப்பும் விட்டுப்போகும்.

எதை வாங்குவதாயினும், முன்னதாக ஒரு சோதனை செய்து பார்த்தல் வேண்டும். இரண்டடிச் சதுரமான கெட்டிப் பிளாஸ்டிக் தாளைத் தரைமேல் பரப்பி, நான்கு ஓரங்களையும் ஒட்டுநாடாவால் காற்றுப் புகாதபடி ஒட்டிவிடுக. இரண்டு நாள் கழித்து எடுத்துப் பார்க்கையில் அடியில் நீர்த்துளிகள் காணப்பட்டாலும், தரை கறுத்திருந்தாலும், மண்ணிலிருந்து ஈரம் ஏறுகின்றது என்று பொருள். ஐப்பசி, கார்த்திகை மழைநாளில் இதனைச் செய்தால் உண்மை நன்கு புலப்படும். ஈரம் ஏறும் தரையில் லாமினேட் பருக்கும். ஒட்டிய வினைலோ பசை விட்டு எழும்பும். முதலில் ஈரத்தைத் தடுக்கும் வேலையைச் செய்யாமல் மேலே எதை விரித்தும் பயனில்லை.

நம் வட்டாரத்தை எண்ணுகையில் வேறொன்றும் தோன்றுகின்றது. 2004இல் கிருஷ்ணகிரி தனி மாவட்டமாகப் பிரியும்வரை ஒன்றாக இருந்த இந்தத் தருமபுரிச் சீமை, கருங்கல்லுக்குப் பெயர்பெற்றது. பட்டறைகளில் பெரிய பலகைகளை அறுத்தபின் மிஞ்சும் துண்டுகளை நேரில் சென்று விலை கேட்டுப் பார்க்கலாம். சிவப்பு ஆக்சைடு கலந்து இழைத்த பழைய சிமெண்ட் தரையையும் இழிவாக எண்ண வேண்டியதில்லை. கைதேர்ந்த கொத்தனார் கிடைப்பதே இன்று அருமை.

வினைல்தான் என்று முடிவு செய்தவர்கள், சதுர அடி விலையோடு நில்லாமல், பசை, ஓரப்பட்டை, கூலி, சேதாரம் ஆகியவற்றையும் சேர்த்த மொத்தத் தொகையை எழுதி வாங்கிக்கொள்க. தேய்மானத்தைத் தாங்கும் மேற்படலத்தின் கனத்தையும் தனியே கேட்டறிக. மொத்தக் கனத்தைக் காட்டிலும் ஆயுளைத் தீர்மானிப்பது அதுவே. நான்கைந்து பலகைகளைக் கூடுதலாக வாங்கிப் பரணில் வைத்தலும் நன்று; பின்னாளில் ஒன்று பழுதானால் அதே நிறம் கடையில் கிடைப்பது அரிது.