காந்தியடிகளைப் படச்சுருளில் திரட்டிய தமிழர்

ஜொகூர்த் தோட்டங்களில் வாழும் முதியோர் பலர், திடலில் வெள்ளைத் திரை கட்டிக் காட்டப்பட்ட செய்திப் படங்களை மறந்திருக்க மாட்டார்கள். படக்காட்சி வண்டி வந்த இரவில் லயங்களில் உறக்கம் பிந்தியே வரும். கதைப்படத்தில் ஒரு காட்சி சரியாக அமையாவிட்டால் மீண்டும் நடித்துக்கொள்ளலாம். செய்திப் படத்தில் அதற்கு வழியில்லை. நிகழ்ச்சி நடந்த வேளையில் கேமரா அங்கு இல்லையென்றால், பிறகு எவ்வளவு பொருள் செலவிட்டாலும் அதை மீட்க இயலாது. எடுத்த சுருள் அழிந்துபோனாலும் அதே கதிதான். அவ்வாறு உலகெங்கும் சிதறிக் கிடந்த சுருள்களைத் தேடித் திரட்டிய ஏ. கே. செட்டியாரைப் பற்றி இங்கே கூற விரும்புகிறோம்.

செட்டியார் 1911-இல் தமிழ்நாட்டின் கோட்டையூரில் பிறந்தவர். பர்மாவில் ‘தனவணிகன்’ என்னும் இதழை நடத்தினார். பின்னர் டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து அயர்லாந்தின் டப்ளின் நகருக்குக் கப்பலில் சென்றுகொண்டிருந்தபோது, காந்தியடிகளின் வாழ்க்கையை உண்மைப் படமாக ஆக்கவேண்டும் என்னும் எண்ணம் அவர் உள்ளத்தில் உதித்தது. அன்று அடிகளின் பிறந்த நாள். செட்டியாருக்கு வயது 25.

ஆனால் காட்சிகளுக்கு எங்கே போவது? முப்பது ஆண்டுக் காலத்தில் ஏறத்தாழ நூறு படப்பிடிப்பாளர்கள், ஒருவரையொருவர் அறியாமல், வெவ்வேறு நாடுகளில் எடுத்தவை அவை. செட்டியார் நான்கு கண்டங்களுக்கும் சென்று, சுமார் 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். பேசும்படம் நிமிடத்திற்கு 90 அடி வீதம் ஓடும். அந்தக் கணக்கில் பார்த்தால், ஒன்பது மணி நேரத்திற்கும் மேல் ஓடக்கூடிய நீளம்! அக்காலச் சுருள்களோ பெரும்பாலும் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் வகை. மரம் மரமாகப் பால் சேர்த்து, ஒரு துளியும் சிந்தாமல் ஸ்டோருக்குச் சுமந்துவரும் நம் வாசகர்களுக்கு இந்த உழைப்பின் அருமையை விளக்கத் தேவையில்லை.

அவற்றிலிருந்து சுமார் 12,000 அடியைத் தேர்ந்து தொகுத்து, தமிழ் விளக்கவுரையுடன் 1940 ஆகஸ்ட் 23-ஆம் நாள் சென்னையில் வெளியிட்டார். காந்தியடிகளைப் பற்றிய இந்த முழுநீள உண்மைப் படம் முதன்முதலில் தமிழில்தான் பேசியது என்பதில் நமக்குத் தனி மகிழ்ச்சி உண்டு. ஆயினும் அது போர்க்காலம், ஆட்சியோ ஆங்கிலேயருடையது. படம் நெடுநாள் ஓடவில்லை. சுருள்களை மறைத்து வைக்கவும் நேர்ந்தது. 1947-இல் இந்தி விளக்கவுரையுடன் டில்லியில் அது மீண்டும் திரையேறியது. 1953-இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவமும் உருவாயிற்று.

செட்டியார் தம்மை விளம்பரப்படுத்திக்கொள்ளும் இயல்பினர் அல்லர். உலகப் பயணங்களைப் பற்றி நூல்கள் எழுதினார், 1943 முதல் ‘குமரி மலர்’ இதழை நடத்தினார், 1983-இல் மறைந்தார். அரும்பாடுபட்டுச் சேர்த்த படமோ மக்கள் பார்வையிலிருந்து நீங்கிற்று. அதன் ஆங்கில வடிவின் படி ஒன்று அமெரிக்காவில், சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் இருப்பதை, வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி பல்லாண்டுகளுக்குப் பின்னர் தேடிக் கண்டறிந்தார்.