எண்ணூர்க் கழியும் காமிராவும்

புலியும் யானையும் தோன்றும் இயற்கைப் படங்களையே பார்த்துப் பழகியவர்களுக்கு, எண்ணூர்க் கழிமுகத்தில், முழங்கால் அளவு சேற்றில் முக்காலியை ஊன்றிக்கொண்டு ஒருவர் நாள் முழுவதும் எதைத்தான் படம் பிடிக்கிறார் என்பது சற்று வினோதமாகவே படும். கொசஸ்தலை ஆறு கடலோடு கலக்கும் அந்த ஸ்தலத்தில் தினம் இருமுறை ஓதம் ஏறி வற்றுவது கண்ணுக்குப் பிடிபடாத அளவு மந்தமான காரியம்; ஆகையால் நிமிஷத்துக்கு ஒரு படமாக எடுத்து, விநாடிக்கு 24 வீதம் ஓட்டுகிறார்கள். 6 மணி நேரத்து ஓதம் 360 படங்களாகி, திரையில் 15 விநாடிக்குள் ஏறி முடிந்துவிடுகிறது.

கழியின் நலிவோ ஓதத்தைக் காட்டிலும் மந்தமானது. அருகிலுள்ள அனல் மின் நிலையத்தில் நிலக்கரி எரிந்து எஞ்சும் சாம்பல், ஜலத்தில் கரைக்கப்பட்டுக் குழாய் வழியே செப்பாக்கத்துச் சாம்பல் குளத்துக்குப் போகிறது. குழாய் கசிந்த இடங்களிலெல்லாம் அது கழியில் படிந்து ஆழத்தைத் தூர்த்துவிட்டது. பறியைப் பல்லில் கவ்வியபடி, கழுத்தளவு நீரில் இரு கைகளாலும் அடிமண்ணைத் துழாவி இறால் பிடிக்கும் இருளர் பெண்களைப் படமெடுப்பவர், லென்ஸை நீர்மட்டத்துக்கே தாழ்த்தவேண்டும். அப்பொழுதுதான் அவர்கள் விரலிடுக்கில் வழிவது கருஞ்சேறா, வெளிறிய சாம்பற்குழம்பா என்பது பிரத்தியட்சமாகும்.

ஆண்டுதோறும் அதே இடத்துக்குத் திரும்பி வந்து, அதே கோணத்தில், முக்கியமாக ஓதத்தின் அதே நிலையில் எடுத்தால்தான் ஒப்பிட முடியும் என்பதே இக்கலையின் சூட்சுமம். நீர் ஏறியிருக்கும் வேளையில் எடுத்த படத்தில் சாம்பலெல்லாம் மூழ்கி, கழி பரம நிர்மலமாகக் காட்சியளிக்கும். காமிரா பொய் சொல்லாது என்பவர்கள் ஓதம் பார்த்துப் படமெடுத்ததில்லை போலும்! சேறு இடம் மாறும் என்பதால், கழிக்குள் நிற்கும் மின்கோபுரத்தையே அடையாளமாகக் கொள்வது நலம்.

டி. எம். கிருஷ்ணா பாட, ரதீந்திரன் பிரசாத் இயக்கிய 'சென்னை புறம்போக்கு பாடல்' என்ற காணொளி, கர்நாடக ராகங்களைச் சென்னைப் பேச்சுத் தமிழோடு இணைத்து, இக்கழியிலேயே படமாக்கப்பட்டு, 2017 ஜனவரியில் வெளிவந்தது. அம்மாதம் 28ஆம் தேதி எண்ணூர்த் துறைமுகத்துக்கு அப்பால் இரு கப்பல்கள் மோதி எண்ணெய் கரை ஒதுங்கவே, அதை வாளியால் அள்ளியவர்களைப் படமெடுக்க எங்கிருந்தோவெல்லாம் காமிராக்கள் வந்து குவிந்தன. அங்கிருந்து சற்றுத் தொலைவில், அவற்றுள் ஒன்றேனும் திரும்பிப் பாராமல், சாம்பற்குழாய் தன்பாட்டுக்குக் கிடந்தது.